தேனீ கொட்டினால் முதல் கால் மணி நேரம்: எதை முதலில், எதை அடுத்து? முழுமையான வழிகாட்டி

தேனீ கொட்டியவர்களில் பெரும்பாலானோருக்கு வலியும் இரண்டு மூன்று நாள் வீக்கமும்தான் வரும். சிலருக்கு மட்டும் சில நிமிடங்களிலேயே மூச்சும் ரத்த அழுத்தமும் சேர்ந்து சரிந்துவிடும். அனாபிலாக்சிஸ் எனப்படும் கடும் ஒவ்வாமை இதுதான். பூச்சி கொட்டி இந்த ஒவ்வாமையால் இறந்தவர்களை ஆராய்ந்தபோது, அவர்களில் பாதிப் பேருக்குச் சுமார் 15 நிமிடத்துக்குள்ளேயே மூச்சோ இதயமோ நின்றுவிட்டது என்று தெரியவந்தது.

தேனீ வளர்ப்புப் பயிற்சிகளில் முதலுதவி வகுப்பு எடுக்கிறேன். வருகிறவர்களுக்கு விஷயம் தெரியாமல் இல்லை. கொடுக்கை எடுக்க வேண்டும், ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டும், அட்ரினலின் என்று ஒரு ஊசி இருக்கிறது என்பதெல்லாம் தெரியும். வரிசையில்தான் தடுமாறுகிறார்கள். மாத்திரை தேடுவதிலும், எதையாவது பூசுவதிலும், ஆளைக் கைத்தாங்கலாக நடத்திக் கூட்டிப் போவதிலும் அந்த 15 நிமிடம் கரைந்துவிடுகிறது. அதனால்தான் இங்கே ஒவ்வொரு படியும் ஏன் அந்த இடத்தில் வருகிறது என்று காரணத்தோடு எழுதியிருக்கிறேன். உங்கள் மருத்துவர் உங்களுக்கென்று தனியாக ஒரு திட்டம் எழுதிக் கொடுத்திருந்தால், அதைத்தான் பின்பற்ற வேண்டும்.

1. கொட்டுவதற்கு முன்பே கையில் இருக்க வேண்டியவை

முன்பு ஒருமுறை கொட்டியபோது உடம்பு முழுக்கத் தடிப்பு, மூச்சுத்திணறல், மயக்கம் இவற்றில் ஏதாவது வந்திருந்தால், அடுத்த கொட்டுக்கு முன்பே மருத்துவரைப் பார்த்துவிடுங்கள். அட்ரினலின் பேனா ஊசி (அளவான மருந்து ஏற்கெனவே நிரப்பப்பட்டு, தொடையில் அழுத்தினால் தானே உள்ளே செலுத்தும் ஊசி) கிடைக்கும் இடத்தில் இருந்தால், அதை எழுதித் தரச் சொல்லிக் கேளுங்கள். இரண்டு பேனா வேண்டும். ஒரு டோஸ் போதாமல் போகலாம், பதற்றத்தில் ஒன்று வீணாகவும் போகலாம்.

பொதுவாக 30 கிலோவுக்கு மேல் எடையுள்ளவர்களுக்கு 0.3 மில்லிகிராம் பேனா, 15 முதல் 30 கிலோ வரையுள்ள குழந்தைகளுக்கு 0.15 மில்லிகிராம் பேனா. குழந்தை வளர வளர பேனாவும் மாற வேண்டும். இதைப் பலர் மறந்துவிடுகிறார்கள்.

பேனா ஆள் இருக்கும் இடத்தில் இருக்க வேண்டும். வீட்டு அலமாரியில் பேனாவும் தோட்டத்தில் ஆளும் இருந்தால் பயனில்லை. அதற்காக வெயிலில் நிற்கும் வண்டிக்குள் போட்டு வைக்காதீர்கள், ஃபிரீசரிலும் வைக்காதீர்கள். சாதாரண அறை வெப்பநிலையே அதற்குச் சரி. மாதம் ஒருமுறை காலாவதித் தேதியைப் பாருங்கள். பேனாவில் ஜன்னல்போல் திறப்பு இருந்தால் உள்ளே மருந்து தெளிவாக இருக்கிறதா, பழுப்பாகிவிட்டதா என்றும் பாருங்கள்.

அப்புறம், மற்ற மருந்துகளைப் பற்றி. ரத்த அழுத்தம், இதயக் கோளாறு, ஒற்றைத் தலைவலி, கை நடுக்கம் போன்றவற்றுக்காக பீட்டா பிளாக்கர் வகை மாத்திரை சாப்பிடுகிறவர்களுக்கு அட்ரினலின் முழுசாக வேலை செய்யாமல் போகலாம். உங்கள் மாத்திரை அந்த வகையா என்று மருத்துவரிடம் கேட்டு வையுங்கள். நீங்களாக நிறுத்திவிடாதீர்கள், அது வேறு ஆபத்தில் கொண்டுபோய் விடும். ஆஸ்துமா உள்ளவர்கள் அதைக் கட்டுக்குள் வைத்திருக்க வேண்டும். கடும் ஒவ்வாமை வரும்போது கட்டுப்படாத ஆஸ்துமா நிலைமையை மோசமாக்கும்.

பேனா வாங்கும்போது ஊசி இல்லாத பயிற்சிப் பேனாவும் கிடைக்கிறதா என்று கேளுங்கள். வகுப்பில் அதைக் கையில் கொடுத்ததும் நிறையப் பேர், எழுதும் பேனாவின் தலையை அமுக்குகிற மாதிரி ஒரு முனையில் கட்டைவிரலை வைத்துக்கொண்டு மறுமுனையைத் தொடையில் குத்துகிறார்கள். அவசரத்தில் உண்மையான பேனாவைத் தலைகீழாகப் பிடித்து அப்படிச் செய்தால், ஊசி அவர்கள் கட்டைவிரலில்தான் இறங்கும். மருந்து நோயாளிக்குப் போகாது. கட்டைவிரலில் ரத்த ஓட்டம் சுருங்கி, அவரும் ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டியிருக்கும். முஷ்டியாகப் பிடிக்க வேண்டும், எந்த முனையிலும் விரல் இருக்கக் கூடாது. கை தானாக அப்படிப் பிடிக்கும் வரை பழகுங்கள். உங்களுக்கு ஊசி போடப்போவது பக்கத்தில் இருப்பவராகவும் இருக்கலாம் என்பதால், வீட்டில் உள்ளவர்களையும் பழக வையுங்கள்.

2. முதலில் இடத்தை விட்டு விலகுங்கள்

கொட்டியதும் கை தானாகக் கொட்டிய இடத்துக்குப் போகும். ஒற்றைத் தேனீ என்றால் சரி. பக்கத்தில் கூடு இருந்தால் முதல் வேலை அங்கிருந்து விலகுவதுதான். தேனீ கொட்டும்போது ஓர் எச்சரிக்கை வேதிப்பொருளும் வெளியாகிறது. வாழைப்பழ வாசனை அடிக்கும் அது, மற்ற தேனீக்களை அதே இடத்தில் கொட்ட அழைக்கும். அங்கேயே நின்று கொடுக்கைத் தேடினால் ஒன்று பத்தாகிவிடும்.

முகத்தையும் வாயையும் சட்டையால் மூடிக்கொண்டு, வழி தெரியும் அளவுக்குக் கண்ணை மட்டும் விட்டு, நேராக ஓடுங்கள். மூடிய அறையோ வண்டியோ கிடைக்கும் வரை நிற்க வேண்டாம். கூடவே சில தேனீக்கள் உள்ளே வந்தாலும் பரவாயில்லை, வெளியே இருப்பவை அதைவிடப் பல மடங்கு.

கையை வீசி விரட்டாதீர்கள். அசைவு அவற்றை இன்னும் ஈர்க்கும், நசுங்கிய தேனீயிலிருந்தும் அதே எச்சரிக்கை வாசனை வரும். தண்ணீரில் குதிக்கவும் வேண்டாம். நீங்கள் மூச்சுக்காகத் தலை தூக்கும் வரை அவை மேலேயே சுற்றிக்கொண்டிருக்கும்.

3. கொடுக்கை உடனே எடுங்கள், எப்படி என்று யோசிக்காதீர்கள்

தேனீயின் கொடுக்கில் பின்னோக்கிய முட்கள் உண்டு. அதனால் அது தோலில் மாட்டிக்கொண்டு, தேனீயின் வயிற்றிலிருந்து பிய்ந்து நின்றுவிடும். உற்றுப் பார்த்தால் தோலில் நிற்கும் சின்னக் கருமுள்ளின் தலையில் வெளிறிய ஒரு பை ஒட்டிக்கொண்டிருப்பது தெரியும். தேனீ போன பிறகும் அது விட்டுவிட்டுத் துடிக்கும். அதை இயக்கும் தசையும் நரம்பு முடிச்சும் அதோடு சேர்ந்தே பிய்ந்து வந்திருப்பதால், நஞ்சு இன்னும் உள்ளே இறங்கிக்கொண்டிருக்கும். ஒரு நிமிடத்துக்குள் பையில் இருக்கும் நஞ்சு ஏறக்குறைய முழுவதும் இறங்கிவிடும்.

அதனால் இங்கே வேகம்தான் முக்கியம். கிள்ளி எடுத்தால் பை நசுங்கி நஞ்சு கூடுதலாக ஏறும், அட்டையால் வழித்துத்தான் எடுக்க வேண்டும் என்று இன்னமும் சொல்லிக் கொடுக்கிறார்கள். இரண்டு முறைகளையும் ஒப்பிட்டுச் சோதித்துப் பார்த்தார்கள். தடிப்பின் அளவில் வித்தியாசம் இல்லை. எடுக்கத் தாமதமானால்தான் தடிப்பு பெரிதாகிறது. வழிக்க அட்டை தேடிப் போகும் நேரத்தில் நஞ்சு இறங்கிவிடும். நகத்தால் எடுங்கள், போதும்.

குளவியும் கதண்டும் பெரும்பாலும் கொடுக்கை விட்டுச் செல்லாது. முள் தெரியவில்லை என்றால் தோலைக் கிளறாமல் அடுத்த படிக்குப் போங்கள். கொட்டியது எது என்று பார்த்திருந்தால் மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் மருத்துவருக்கு அது தேவைப்படும். அதைப் பிடிப்பதற்காகத் திரும்பிப் போக வேண்டாம்.

4. மணியைப் பாருங்கள், ஆளைத் தனியே விடாதீர்கள்

கொட்டிய நேரத்தைக் குறித்துக்கொள்ளுங்கள். மருத்துவர்கள் கேட்கும் முதல் கேள்விகளில் இது ஒன்று. பதற்றத்தில் யாருக்கும் சரியாக நினைவிருக்காது.

கையில் கொட்டியிருந்தால் மோதிரம், வளையல், கைக்கடிகாரம் எல்லாவற்றையும் உடனே கழற்றிவிடுங்கள். வீக்கம் ஏறிய பிறகு கழற்ற வராது. சோப்பு போட்டுக் கழுவி, துணியில் சுற்றிய பனிக்கட்டியை 10 நிமிடம் வையுங்கள். பற்பசை, மண், மண்ணெண்ணெய் எதையும் பூச வேண்டாம். நஞ்சு ஏற்கெனவே தோலுக்கு அடியில் போய்விட்டதால் மேலே பூசுவது அதைத் தொடாது. அழுக்கு போய்ச் சேர்வதுதான் மிச்சம்.

குறைந்தது ஒரு மணி நேரமாவது ஒருவர் கூடவே இருக்க வேண்டும். கடும் எதிர்வினை பெரும்பாலும் முதல் அரை மணிக்குள் தொடங்கிவிடும், சிலருக்குத் தாமதமாகவும் வரும். இதில் புதியவர்கள் கவனிக்காமல் விடும் ஒரு விஷயம் உண்டு: வயிற்றைப் பிரட்டுகிறது என்று சொல்லி, பாதிக்கப்பட்டவர் தனியாகக் கழிவறைக்குப் போவார். வயிற்றுப் பிரட்டலே ஒவ்வாமையின் தொடக்கமாக இருக்கலாம். உள்ளே தாழ் போட்டுக்கொண்டு மயங்கி விழுந்தால் வெளியே இருப்பவர்களுக்குத் தெரியவே தெரியாது. தனியாகப் போக விடாதீர்கள். தானே வண்டி ஓட்டிக்கொண்டு வீட்டுக்குப் போகவும் விடாதீர்கள்.

5. இது எந்த வகை எதிர்வினை என்று பாருங்கள்

இந்தப் படியில்தான் அதிகம் தவறு நடக்கிறது. முகமே கோணும் அளவுக்குக் கன்னம் வீங்கியவரைப் பார்த்து எல்லோரும் பதறுவார்கள். பக்கத்தில் வீக்கமே இல்லாமல் வெளுத்துப்போய்ச் சுவரில் சாய்ந்திருப்பவரை யாரும் கவனிக்க மாட்டார்கள். அபாயத்தில் இருப்பது இரண்டாமவர்தான்.

நான் சொல்லிக் கொடுக்கும் கேள்வி ஒன்றுதான்: கொட்டிய இடத்துக்குத் தொடர்பில்லாத இடத்தில் ஏதாவது நடக்கிறதா?

கொட்டிய இடத்தைச் சுற்றி மட்டும் வலி, சிவப்பு, வீக்கம் என்றால் அது சாதாரண எதிர்வினை. கொட்டிய இடத்தோடு தொடர்ச்சியாக 10 சென்டிமீட்டருக்கு மேல் பரவி, ஒரு நாளுக்கும் மேல் நீடித்தால் பெரிய உள்ளூர் எதிர்வினை என்பார்கள். விரலில் கொட்டியது முழங்கை வரை வீங்கினாலும் அது இந்த வகைதான். ஒன்றிரண்டு நாளில் உச்சத்துக்குப் போய், ஐந்து முதல் பத்து நாளில் வடியும். பார்க்கப் பயமாக இருக்கும், ஆனால் உயிருக்கு ஆபத்து அரிது. சிவந்து சூடாக இருப்பதால் சீழ் பிடித்துவிட்டது என்று நினைத்து ஆன்டிபயாடிக் கேட்பவர்கள் உண்டு. முதல் இரண்டு நாள் வீக்கம் பெரும்பாலும் ஒவ்வாமைதான். குறைய ஆரம்பித்த வீக்கம் சில நாள் கழித்து மறுபடி கூடினால், காய்ச்சலோ சீழோ வந்தால், அப்போது மருத்துவரிடம் காட்டுங்கள்.

கழுத்திலோ நாக்கிலோ வாய்க்குள்ளோ கொட்டியிருந்தால் இந்தக் கணக்கு பொருந்தாது. அதைப் பத்தாவது பகுதியில் பாருங்கள்.

இனி அபாயமான வகை. காலில் கொட்டியிருக்கும், கழுத்தில் தடிப்பு எழும்பும். உள்ளங்கை, உள்ளங்கால், தலை இவை திடீரென்று அரிக்கும், பல சமயம் ஆரம்ப அடையாளமே இதுதான். உதடும் கண்ணிமையும் வீங்கும். குரல் கரகரக்கும், தொண்டை இறுகும், எச்சில் விழுங்க முடியாது. இருமல், மூச்சிரைப்பு, நெஞ்சில் விசில் சத்தம் வரும். வயிற்றைப் பிடித்து இழுக்கும், வாந்தி வரும். தலை சுற்றும், கண் இருட்டும், முகம் வெளுக்கும், நாடி வேகமாகவும் மெலிதாகவும் ஓடும். ‘எனக்கு என்னவோ ஆகப் போகிறது’ என்று சிலர் சொல்வார்கள். அதை வெறும் பயம் என்று ஒதுக்காதீர்கள், கடும் ஒவ்வாமையின் அறியப்பட்ட அறிகுறிகளில் அதுவும் ஒன்று.

குரல், தொண்டை, மூச்சு, மயக்கம் இவற்றில் ஒன்று வந்தாலும் போதும், அனாபிலாக்சிஸ் என்றே எடுத்துக்கொள்ளுங்கள். தடிப்பு வரட்டும் என்று காத்திருக்கக் கூடாது. பூச்சி நஞ்சால் வரும் மிகக் கடுமையான எதிர்வினைகள் சிலவற்றில் தோலில் எதுவுமே தெரியாது, நேராக ரத்த அழுத்தம் விழும். உடம்பில் தடிப்பும் அரிப்பும் மட்டும் இருந்து, மற்ற எதுவும் இல்லையென்றால் அலர்ஜி மாத்திரை கொடுக்கலாம். ஆனால் கண்ணை எடுக்காமல் கவனித்தபடி ஆஸ்பத்திரிக்கும் கிளம்ப வேண்டும். முன்பு கடும் எதிர்வினை வந்தவர் என்றால், மருத்துவர் எழுதிக் கொடுத்த திட்டப்படி இந்தக் கட்டத்திலேயே ஊசி போட வேண்டியிருக்கலாம்.

குழந்தை தன் கஷ்டத்தைச் சொல்லாது. ஓயாமல் அழுத குழந்தை திடீரென்று அமைதியாகித் துவண்டு சாய்ந்தால், வலி குறைந்துவிட்டது என்று நிம்மதி அடையாதீர்கள். நிறத்தையும் மூச்சையும் பாருங்கள்.

பயத்தில் வரும் சாதாரண மயக்கமும் உண்டு. அதில் நாடி பெரும்பாலும் மெதுவாக இருக்கும், படுக்க வைத்ததும் விரைவில் தெளியும், தடிப்போ மூச்சிரைப்போ இருக்காது. எது என்று பிரிக்க முடியவில்லை என்றால் கடும் ஒவ்வாமையாகவே நடத்துங்கள்.

‘எனக்கு எத்தனையோ தடவை கொட்டியிருக்கிறது, ஒன்றும் ஆனதில்லை’ என்ற பேச்சை நம்பி இருந்துவிடாதீர்கள். முந்தைய கொட்டுகளில்தான் உடம்பு அந்த நஞ்சுக்கு எதிராக ஆயத்தமாகிறது. கொட்டி இறந்தவர்களில் கணிசமானோருக்கு அதற்கு முன் கடும் எதிர்வினை எதுவும் வந்ததில்லை.

6. படுக்க வையுங்கள், நடக்க விடாதீர்கள்

சந்தேகம் வந்த அந்த நொடியிலேயே ஆள் படுக்க வேண்டும். ஊசி எடுக்க ஓடுவதற்கு முன்பே இதைச் சொல்லிவிடலாம், ஒரு விநாடிகூட வீணாகாது.

கடும் ஒவ்வாமையில் ரத்தக் குழாய்கள் விரிந்துவிடும், அவற்றிலிருந்து நீரும் வெளியே கசியும். மிஞ்சும் ரத்தம் கால்களில் தேங்கும். அந்த நிலையில் எழுந்து நின்றால் இதயத்துக்குத் திரும்பி வர ரத்தமே இருக்காது, சில நொடிகளில் நின்றுபோகலாம். படுத்திருந்தவரை எழுப்பி உட்கார வைத்ததும், நடக்க வைத்ததும் இறந்துபோன நிகழ்வுகள் மருத்துவப் பதிவுகளில் இருக்கின்றன.

மல்லாக்கப் படுக்க வைத்து, காலுக்குக் கீழே பையோ மடித்த போர்வையோ வைத்து உயர்த்துங்கள். மூச்சுவிடவே முடியாமல் தவிப்பவரைக் கட்டாயப்படுத்திப் படுக்க வைக்காதீர்கள். கால்களைத் தரையில் நீட்டிச் சாய்ந்து உட்காரட்டும், ஆனால் நிற்க வேண்டாம். கர்ப்பிணிகளை இடப்பக்கம் ஒருக்களித்துப் படுக்க வையுங்கள். வாந்தி எடுப்பவரையும், நினைவிழந்து மூச்சு மட்டும் இருப்பவரையும் ஒருக்களித்தே படுக்க வைக்க வேண்டும். குழந்தையைத் தோளில் நிமிர்த்திப் போட்டுக்கொள்ளாதீர்கள், மடியில் கிடத்துங்கள்.

‘கொஞ்சம் காற்றாட நடந்தால் சரியாகிவிடும்’ என்று யாராவது சொன்னால் உறுதியாக மறுத்துவிடுங்கள்.

7. அட்ரினலின்: முதல் மருந்து இதுதான்

விரிந்த ரத்தக் குழாய்களை அட்ரினலின் சுருக்குகிறது, தொண்டை வீக்கத்தைக் குறைக்கிறது, மூச்சுக் குழல்களைத் திறக்கிறது, இதயத்துக்கு வலுவூட்டுகிறது. ஒவ்வாமை ரசாயனங்கள் மேலும் வெளியாவதையும் தடுக்கிறது. இவ்வளவையும் சேர்த்துச் செய்யும் வேறு மருந்து இல்லை.

அலர்ஜி மாத்திரை அரிப்பையும் தடிப்பையும் குறைக்கும். அது வேலை செய்யத் தொடங்கவே அரை மணி நேரம் போல ஆகும். மூச்சுக் குழலைத் திறக்காது, ரத்த அழுத்தத்தைத் தூக்காது. ஸ்டீராய்டு இன்னும் தாமதம், பல மணி நேரம் பிடிக்கும். ‘மாத்திரை கொடுத்துப் பார்ப்போம், கேட்கவில்லை என்றால் ஊசி’ என்ற வரிசை ஆளைக் கொன்றுவிடும். ஊசி முதலில், மற்றவை அப்புறம்.

பேனா வைத்திருந்தால் இப்படிச் செய்யுங்கள். பாதுகாப்பு மூடியைக் கழற்றுங்கள். ஊசி வரும் முனை கீழே இருக்கும்படி முஷ்டியாகப் பிடித்து, தொடையின் வெளிப்பக்க நடுவில் செங்குத்தாக அழுத்துங்கள். ‘க்ளிக்’ சத்தம் கேட்டதும் எடுத்துவிடாமல் அப்படியே பிடித்திருங்கள். சில பேனாக்களுக்கு 3 விநாடி, சிலவற்றுக்கு 10 விநாடி. உங்கள் பேனாவின் மேலேயே எழுதியிருக்கும். எடுத்ததும் மணியைக் குறித்துக்கொள்ளுங்கள்.

துணிமேலேயே போடலாம், கால்சட்டையைக் கழற்ற வேண்டியதில்லை. பையில் சாவியோ போனோ இருக்கும் இடத்தை மட்டும் தவிருங்கள். குழந்தைக்குப் போடும்போது காலை நன்றாகப் பிடித்துக்கொள்ளுங்கள். உதறினால் ஊசி தோலைக் கிழித்துவிடும்.

ஏன் தொடை? அது பெரிய தசை, ரத்த ஓட்டம் அதிகம். ஒவ்வாமை உள்ள குழந்தைகளிடம் நடந்த ஓர் ஆய்வில், தொடைத் தசையில் போட்ட மருந்து ரத்தத்தில் உச்ச அளவை எட்டச் சராசரியாக 8 நிமிடம் ஆனது, தோலுக்கு அடியில் போட்டபோது 34 நிமிடம் ஆனது. பிட்டத்தில் கொழுப்பு அதிகம் என்பதால் அங்கே போடக் கூடாது.

தேவையில்லாமல் போட்டுவிட்டால் என்ன ஆகும் என்ற பயம் எல்லோருக்கும் வரும். கை நடுங்கும், நெஞ்சு படபடக்கும், முகம் வெளுக்கும், கொஞ்ச நேரத்தில் அடங்கிவிடும். இதய நோயாளிக்கும் வயதானவருக்கும் கடும் ஒவ்வாமை என்றால் இதுதான் மருந்து. தாமதமாகப் போடுவதால் வரும் ஆபத்து, தேவையில்லாமல் போடுவதால் வருவதைவிட மிகப் பெரியது. கையில் இருப்பது காலாவதியான பேனா மட்டும்தான், மருந்து தெளிவாக இருக்கிறது என்றால் அதையே போடுங்கள்.

8. ஆம்புலன்ஸ், இரண்டாவது ஊசி

இன்னொருவர் கூட இருந்தால், நீங்கள் ஊசி போடும்போதே அவர் அவசர எண்ணுக்கு அழைக்கட்டும். தனியாக இருந்தால் முதலில் ஊசி, அடுத்து போன். ‘தேனீ கொட்டியது, கடும் ஒவ்வாமை, மூச்சுத் திணறுகிறது’ என்று முதல் வாக்கியத்திலேயே சொல்லுங்கள். ‘பூச்சிக்கடி’ என்று மட்டும் சொன்னால் அவசரம் புரியாது.

5 நிமிடம் கழித்தும் முன்னேற்றம் இல்லையென்றால், அல்லது தேறி மறுபடி மோசமானால், மற்றத் தொடையில் இரண்டாவது பேனாவைப் போடுங்கள். ஆஸ்துமா உள்ளவர் என்றால் வழக்கமான இன்ஹேலரையும் கொடுக்கலாம், ஆனால் அட்ரினலினுக்குப் பிறகுதான்.

நினைவில்லை, மூச்சு இல்லை, அல்லது நீண்ட இடைவெளி விட்டு ஏங்கும் மூச்சு மட்டும் இருக்கிறது என்றால் மார்பு அழுத்தத்தைத் தொடங்குங்கள். பெரியவர்களுக்கு மார்பின் நடுவில் 5 முதல் 6 சென்டிமீட்டர் ஆழம், நிமிடத்துக்கு 100 முதல் 120 முறை. உதவி வரும் வரை நிறுத்த வேண்டாம்.

9. கையில் பேனா இல்லையென்றால்

பலருடைய நிலைமை இதுதான். அப்போது குறி ஒன்றே: அட்ரினலின் போடக்கூடிய மிகப் பக்கத்து இடம். பெரிய ஆஸ்பத்திரி வேண்டும் என்று பக்கத்தில் இருக்கும் சின்ன மருத்துவ மையத்தைத் தாண்டிப் போகாதீர்கள். சின்னக் கண்ணாடிக் குப்பியில் வரும் சாதாரண அட்ரினலின் ஆம்பூல் விலை குறைந்த, எளிய மருந்து, சின்ன இடங்களிலும் இருக்க வாய்ப்பு உண்டு. தேனீக்கள் இருக்கும் இடத்தில் வேலை செய்கிறவர்கள், எந்த மையத்தில் எந்த நேரத்திலும் போடுவார்கள் என்று முன்கூட்டியே விசாரித்து வைக்க வேண்டும்.

கொண்டுபோகும்போதும் படுத்த நிலைதான். வண்டி வரை தூக்கிச் செல்லுங்கள். இரு சக்கர வண்டியில் நடுவில் உட்கார வைத்துக் கொண்டுபோவதைத் தவிருங்கள். ஆறாவது பகுதியில் சொன்ன அதே காரணம்தான். வாசலில் நுழையும்போதே கொட்டிய நேரத்தையும் மூச்சுத் திணறலையும் சொல்லி, அட்ரினலின் கேளுங்கள். வரிசையில் நிற்காதீர்கள்.

10. ஒவ்வாமை இல்லாமலேயே ஆபத்தான கொட்டுகள்

வாய், நாக்கு, தொண்டையில் கொட்டினால் ஒவ்வாமை இல்லாதவருக்கும் வீக்கமே மூச்சை அடைத்துவிடலாம். மூச்சு நன்றாக இருந்தாலும் ஆஸ்பத்திரிக்குக் கிளம்பிவிடுங்கள். விழுங்க முடிகிறவர் என்றால் வழியில் பனிக்கட்டி சப்பலாம். திறந்து வைத்த பானத்துக்குள் பூச்சி விழுந்திருப்பது தெரியாமல் குடிக்கும்போதுதான் இது அதிகம் நடக்கிறது. கண்ணில் கொட்டியிருந்தால் தேய்க்காதீர்கள், கொடுக்கையும் நீங்களே எடுக்க முயல வேண்டாம், கண் மருத்துவர் பார்க்க வேண்டும்.

கூட்டமாகக் கொட்டினால் அது வேறு விதமான ஆபத்து. அங்கே ஒவ்வாமை இல்லாவிட்டாலும் நஞ்சின் அளவே விஷமாகிறது. பெரியவர்களுக்கு 50 கொட்டுகளுக்கு மேல் என்றால், குழந்தைகளுக்கும் முதியவர்களுக்கும் அதைவிடக் குறைவாக இருந்தாலும், ஆள் தெம்பாக இருக்கிறார் என்று வீட்டில் வைத்துக்கொள்ளக் கூடாது. நஞ்சு தசைகளையும் ரத்தச் சிவப்பணுக்களையும் சிதைக்கும். அந்தச் சிதைவுப் பொருள் சிறுநீரகத்தை அடைக்கும். இது மணிக்கணக்கில், சிலருக்கு மறுநாள்தான் வெளிப்படும். சிறுநீர் குறைந்தாலோ கருஞ்சிவப்பாகப் போனாலோ அதுதான் அடையாளம். அதுவரை காத்திருக்காமல் முதல் நாளே ரத்தப் பரிசோதனை செய்ய வேண்டும்.

11. ஆஸ்பத்திரியில் அவசரப்பட்டுக் கிளம்பாதீர்கள்

ஊசி போட்டதும் பத்து நிமிடத்தில் ஆள் தெளிந்து, ‘வீட்டுக்குப் போகலாம்’ என்பார். அட்ரினலினின் வேலை விரைவில் தீர்ந்துவிடும். சிலருக்குச் சில மணி நேரம் கழித்து, மறுபடி கொட்டாமலேயே இரண்டாவது அலை வரும். அதனால்தான் கண்காணிப்பில் வைக்கிறார்கள். எத்தனை மணி நேரம் என்பதை எதிர்வினையின் கடுமை, எத்தனை டோஸ் தேவைப்பட்டது, ஆஸ்துமா உண்டா, வீடு எவ்வளவு தூரம் என்பதைப் பார்த்து முடிவு செய்வார்கள். வீட்டில் பேனாவைச் சரியாகப் போட்டு நன்றாகத் தேறியிருந்தாலும், கடும் எதிர்வினை என்றால் ஆஸ்பத்திரிக்குப் போய்க் காட்டுங்கள்.

கடும் ஒவ்வாமையின்போது ரத்தத்தில் கூடும் டிரிப்டேஸ் என்ற பொருளின் அளவைப் பார்க்கும் பரிசோதனை செய்ய முடியுமா என்று கேளுங்கள். எதிர்வினை தொடங்கிய முதல் சில மணி நேரத்துக்குள் ரத்தம் எடுத்தால்தான் பயன். முழுசாகத் தேறிய பிறகும் அது உயர்ந்தே இருந்தால், ஒவ்வாமை ரசாயனங்களை வெளியிடும் மாஸ்ட் செல்களில் கோளாறு என்ற இன்னொரு நோய் மறைந்திருக்கலாம். அந்த நோய் உள்ளவர்களுக்கு அடுத்த கொட்டு இன்னும் மோசமாக இருக்கலாம்.

12. அடுத்த கொட்டுக்கு முன்: ஒவ்வாமை மருத்துவர்

பிழைத்து வந்தவர்களில் பலர் இத்தோடு விட்டுவிடுகிறார்கள். எனக்கு மிகவும் வருத்தம் தருவது இதுதான், ஏனென்றால் பூச்சி நஞ்சு ஒவ்வாமைக்கு உண்மையிலேயே நல்ல சிகிச்சை இருக்கிறது. கடும் எதிர்வினை வந்த பெரியவருக்கு அடுத்த கொட்டில் மறுபடி வரும் வாய்ப்பு ஏறக்குறைய பாதிக்குப் பாதி.

கொட்டி நான்கு முதல் ஆறு வாரம் கழித்துத் தோல் பரிசோதனைக்குப் போங்கள். அதற்கு முன் செய்தால், ஒவ்வாமை இருந்தும் இல்லை என்று காட்டலாம். போகும்போது கொட்டிய நேரம், அறிகுறி தொடங்கிய நேரம், கொடுக்கு தோலில் நின்றதா, ஊசி போட்ட நேரம், சாப்பிடும் மாத்திரைகள் எல்லாவற்றையும் எழுதி எடுத்துச் செல்லுங்கள். கொடுக்கு நின்றது என்றால் பெரும்பாலும் தேனீ. எந்தப் பூச்சி என்பதைப் பொறுத்துத்தான் சிகிச்சைக்கான நஞ்சைத் தேர்ந்தெடுப்பார்கள்.

அந்தச் சிகிச்சையில் சுத்திகரித்த நஞ்சை மிகக் குறைந்த அளவில் தொடங்கி, படிப்படியாகக் கூட்டி, பிறகு மாதம் ஒருமுறை அளவில் 3 முதல் 5 ஆண்டு வரை ஊசியாகப் போடுவார்கள். தேனீ நஞ்சில் ஐந்தில் நான்கு பேர் அளவுக்கும், குளவி நஞ்சில் அதைவிட அதிகமானோருக்கும் அடுத்த கொட்டில் கடும் எதிர்வினை வராமல் இது காக்கிறது. தேனீக்களோடு வேலை செய்கிறவர்கள் தொழிலை விடுவதற்கு முன் இதைப் பற்றி விசாரிக்க வேண்டும்.

ஒவ்வொரு ஊசிக்குப் பிறகும் குறைந்தது அரை மணி நேரம் மருத்துவமனையிலேயே உட்காருங்கள், ஊசியே எதிர்வினையைத் தூண்டலாம். சிகிச்சை தொடங்கிவிட்டது என்று பேனாவை வீட்டில் வைத்துவிட்டுப் போக வேண்டாம். மருத்துவர் போதும் என்று சொல்லும் வரை இரண்டு பேனாவும் கூடவே இருக்கட்டும்.